புகைச் சான்றிதழ், எஃப்சி, கண்ணாடி ஸ்டிக்கர்: தமிழ்நாட்டில் எதை எங்கே வாங்குவது?

எதிர்வீட்டு அண்ணன் பழைய டாக்சி கார் ஒன்றை வாங்கினார். மறுநாள் காலையிலேயே வாசலில் வந்து நின்றார். "தம்பி, வண்டியை செக் பண்ணிட்டு கண்ணாடியில ஒட்டுறதுக்கு கவர்மென்ட் ஸ்டிக்கர் குடுப்பாங்களே, அது எங்க கிடைக்கும்? ஜி.பி. ரோட்டுல போட்டுத் தருவாங்களா?"

ஜி.பி. ரோடு சென்னையில் வண்டிச் சாமான் கடைகள் நிறைந்த தெரு. அங்கே எதைக் கேட்டாலும் போட்டுத் தருவார்கள், அதுதான் சிக்கல். 'ஊடகம்', 'வழக்கறிஞர்', 'காவல்' என்று கேட்டவர்களுக்கெல்லாம் கடைகளில் வெட்டிக் கொடுத்த ஸ்டிக்கர்கள் சென்னையில் பெருகிப்போய், 2024 மே 2-ஆம் தேதி முதல் போக்குவரத்து போலீசார் அவற்றின் மீது நடவடிக்கை எடுக்கத் தொடங்கினார்கள். அண்ணன் கேட்டது அந்த ரகம் இல்லை. மூன்று தனித்தனி விஷயங்களை ஒன்றாகக் குழப்பிக்கொண்டிருந்தார். அவர் மட்டுமில்லை, பாதிப் பேர் அப்படித்தான்.

ஒன்று, புகைச் சான்றிதழ். பியுசி என்பார்கள். இரண்டு, எஃப்சி, அதாவது வண்டி ஓடத் தகுதியாக இருக்கிறது என்ற சான்று. மூன்று, முன்கண்ணாடியின் உள்பக்கம் ஒட்டும் பதிவு ஸ்டிக்கர். இந்த மூன்றும் கிடைக்கும் இடம் வேறு, தருபவர் வேறு, காலக்கெடுவும் வேறு.

உங்கள் வண்டிக்கு எது தேவை?

வெள்ளை போர்டு பைக், கார் என்றால் புகைச் சான்றிதழ் போதும். பதிவு செய்து 15 வருடம் ஆகும்வரை எஃப்சி பற்றிய கவலை கிடையாது. மஞ்சள் போர்டு டாக்சி, ஆட்டோ, வேன், லாரி, பஸ் என்றால் புகைச் சான்றிதழும் வேண்டும், எஃப்சியும் வேண்டும். 2019 ஏப்ரல் 1-க்குப் பிறகு தயாரான கார், வேன், லாரிகளுக்குக் கண்ணாடி ஸ்டிக்கரும் சேரும். பைக்குக்கு அது இல்லை. முழு மின்சார வண்டியில் புகைக்குழாயே கிடையாது, அதனால் புகைச் சோதனையும் கிடையாது. ஆனால் வாடகைக்கு ஓடும் நான்கு சக்கர மின்சார வண்டிக்கு எஃப்சி உண்டு.

புகைச் சான்றிதழ்

எல்லோருக்கும் அடிக்கடி தேவைப்படுவது இதுதான், எல்லோரும் கோட்டை விடுவதும் இதில்தான். அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

முதலில் தேதியைப் பாருங்கள். மத்திய மோட்டார் வாகன விதிகள் 1989-இல் 115-ஆவது விதி இதைச் சொல்கிறது. புது வண்டிக்கு, பதிவான நாளிலிருந்து ஒரு வருடம்வரை புகைச் சான்றிதழ் தேவையில்லை. அதன் பிறகு எப்போதும் கையில் இருக்க வேண்டும். பாரத் ஸ்டேஜ் என்ற புகைத் தரநிலையில் பிஎஸ் 4, பிஎஸ் 6 வண்டிகளுக்கு ஒரு சோதனை 12 மாதம் தாங்கும். அதற்கு முந்தைய வண்டிகளுக்கு 6 மாதம்தான். உங்கள் வண்டி எந்த வகை என்பது அரசின் எம்பரிவாகன் செயலியில் ஆர்சி விவரத்திலேயே இருக்கும். நாடு முழுக்க பிஎஸ் 4 கட்டாயமானது 2017 ஏப்ரலில், பிஎஸ் 6 கட்டாயமானது 2020 ஏப்ரலில். சென்னை போன்ற பெருநகரங்களில் கார்களுக்கு பிஎஸ் 4 அதற்கு முன்பே, 2010-லேயே வந்துவிட்டது.

அடுத்து, எங்கே போவது? ஆர்டிஓ ஆபீசுக்குப் போக வேண்டாம். அங்கே புகைச் சோதனை செய்து தருவதில்லை. அவர்கள் அங்கீகாரம் கொடுத்த தனியார் மையங்கள்தான் செய்கின்றன. பெரும்பாலும் பெட்ரோல் பங்க் ஓரத்தில் ஒரு சின்ன அறையோ, பக்கவாட்டில் திறந்த பழைய வேனோ இருக்கும். சில சர்வீஸ் சென்டர்களிலும் உண்டு. பரிவாகன் இணையதளத்தில் பியுசி பகுதிக்குப் போய் மாநிலத்தையும் ஆர்டிஓ அலுவலகத்தையும் தேர்ந்தெடுத்தால் உங்கள் பகுதி மையங்களைப் பார்க்கலாம். உங்கள் வண்டி பதிவான ஊரிலேயே எடுக்க வேண்டும் என்று விதி இல்லை. மதுரை வண்டிக்கு ஓசூரில் எடுத்தாலும் செல்லும். 2021 ஜூனில் வந்த அறிவிப்புக்குப் பிறகு நாடு முழுக்க ஒரே மாதிரிப் படிவம், அதில் ஒரு கியூஆர் கோடு. வெளிமாநிலத்திலும் அதுவே செல்லும்.

மையத்துக்குப் போனதும் இரண்டு விஷயத்தைக் கண்ணால் பாருங்கள்: சுவரில் அங்கீகாரச் சான்று மாட்டியிருக்கிறதா, கட்டணப் பலகை இருக்கிறதா. கட்டணத்தை வண்டியைப் பொறுத்து அரசு நிர்ணயிக்கிறது, மையத்துக்காரர் தன் இஷ்டத்துக்குச் சொல்ல முடியாது. பலகையைக் காணவில்லை என்றால் அடுத்த பங்குக்குப் போய்விடுங்கள், தூரம் ஒன்றும் அதிகமிருக்காது.

போவதற்கு முன் செய்ய வேண்டியவை கொஞ்சம்தான். வீட்டிலிருந்து குளிர்ந்த எஞ்சினோடு நேராகப் போகாமல், பத்து பதினைந்து நிமிடம் ஓட்டிச் சூடாக்கிக்கொண்டு போங்கள். டீசல் வண்டிக்கு இது ரொம்பவே முக்கியம். எஞ்சின் ஆயில் சூடேறாமல் சோதிப்பதே தப்பு. ஏர் ஃபில்டரைக் கடைசியாக எப்போது சுத்தம் செய்தீர்கள் என்று யோசித்துப் பாருங்கள். ஆர்சியில் உள்ள செல்போன் எண் இப்போதும் உங்களிடம் இருக்கிறதா என்றும் பாருங்கள், ஏனென்றால் சோதனையின்போது ஓடிபி அந்த எண்ணுக்குத்தான் வரும். செகண்ட் ஹேண்ட் வண்டி வாங்கி, பெயர் மாற்றாமல் ஓட்டுபவர்கள் இந்த இடத்தில்தான் மாட்டுவார்கள். ஓடிபி பழைய ஓனருக்குப் போகும். அவர் போனை எடுக்க மாட்டார்.

சோதனை எப்படி நடக்கும்? பெட்ரோல் வண்டியென்றால் எஞ்சினை ஐடிலில் விடச் சொல்வார்கள். நீளமான உலோகக் குழாய் ஒன்றைப் புகைக்குழாய்க்குள் ஒரு முழங்கை அளவுக்கு விடுவார்கள். அது ஒப்புக்கு வாயில் தொங்கிக்கொண்டிருந்தால் வெளிக்காற்றும் கலந்துவிடும், அளவு பொய்யாகக் குறையும். திரையில் எண்கள் ஏறி இறங்கி, அரை நிமிடத்தில் ஒரு இடத்தில் நிற்கும். கார்பன் மோனாக்சைடு சதவீதத்திலும் ஹைட்ரோகார்பன் பிபிஎம் (பத்து லட்சத்தில் எத்தனை பங்கு) கணக்கிலும் வரும். பிஎஸ் 4 பெட்ரோல் காருக்கு ஐடிலில் கார்பன் மோனாக்சைடு 0.3 சதவீதம், ஹைட்ரோகார்பன் 200 பிபிஎம், இவைதான் எல்லை. பிறகு ஆக்சிலரேட்டரை அழுத்தி எஞ்சினை நிமிடத்துக்கு 2500 சுற்று வரை கொண்டுபோய் இன்னொரு முறை பார்ப்பார்கள். பழைய ஃபோர் ஸ்ட்ரோக் பைக்குகளுக்கு எல்லை ரொம்பத் தாராளம். 2000 மார்ச்சுக்குப் பிறகு தயாரானவற்றுக்கு 3.5 சதவீதம், 4500 பிபிஎம். இதிலேயே ஃபெயில் ஆகிற பைக்குக்கு மெக்கானிக்தான் வேண்டும், மையத்துக்காரரிடம் சலுகை கேட்டுப் புண்ணியமில்லை.

டீசலுக்கு வேறு முறை. ஆக்சிலரேட்டரைச் சட்டென்று முழுக்க அழுத்தி விடுவார்கள். அப்போது கக்கும் புகையின் அடர்த்தியைக் கருவி அளக்கும். இதைப் பல தடவை செய்து சராசரி எடுப்பார்கள். கருவி காட்டும் அடர்த்தி எண்ணுக்கு எல்லை, பிஎஸ் 4-க்கு முந்தைய வண்டி என்றால் 2.45, பிஎஸ் 4 என்றால் 1.62.

கடைசியாக வண்டியை நம்பர் பிளேட் தெரிய ஒரு போட்டோ எடுப்பார்கள். அந்தப் போட்டோ சான்றிதழிலேயே அச்சாகும்.

இந்தப் போட்டோ விஷயத்தில் எனக்கு ஒரு அனுபவம். சில வருடங்களுக்கு முன் ஒரு மையத்தில் இருந்தவர், "வண்டியெல்லாம் எதுக்கு சார், நம்பரை வாட்ஸ்அப்ல அனுப்புங்க, நான் போட்டுத் தர்றேன்" என்றார். சோம்பேறித்தனத்தில் அனுப்பினேன். பத்து நிமிடத்தில் சான்றிதழ் வந்துவிட்டது. இரண்டு மாதம் கழித்து ஒரு சோதனையில் போலீஸ்காரர் அதை வாங்கிப் பார்த்தார். என் பைக்கை ஒரு தடவை பார்த்தார், மறுபடி சான்றிதழைப் பார்த்தார். "உங்க வண்டி கறுப்பு, இதுல செவப்பா இருக்கே?" என்றார். யாருடைய பைக்கிலோ என் நம்பரை ஒரு தாளில் எழுதி ஒட்டிப் போட்டோ எடுத்திருக்கிறார்கள். தாளின் ஓரம் மடங்கியிருந்ததுகூடத் தெளிவாகத் தெரிந்தது. அபராதத்தைவிட, பக்கத்தில் நின்ற இரண்டு பேர் எட்டிப் பார்த்துச் சிரித்ததுதான் அதிகம் வலித்தது. இப்போது மையங்களில் இடத்தோடு சேர்த்துப் படம் பிடிக்கும் செயலிகள் வந்துவிட்டதால் இந்த வித்தை முன்போல் எளிதில்லை. ஆனாலும் கேட்டால் செய்து தர ஆள் இருப்பார்கள். வண்டி போகாமல் வரும் சான்றிதழை நான் இப்போது காசு கொடுத்து வாங்கும் தொல்லையாகத்தான் பார்க்கிறேன்.

சான்றிதழ் கைக்கு வந்ததும் அங்கேயே நின்று பாருங்கள். வண்டி எண், எரிபொருள் வகை, போட்டோ, செல்லுபடி தேதி, இந்த நான்கும் சரியா? அளவுகள் எல்லாம் சுத்தமாகப் பூஜ்யம் என்று இருந்தால் குழாய் சரியாக உள்ளே போகாமல் இருந்திருக்கலாம், மறுபடி சோதிக்கச் சொல்லுங்கள். வீட்டுக்கு வந்து பரிவாகன் தளத்தில் வண்டி எண்ணையும் சேஸிஸ் எண்ணின் கடைசி ஐந்து எழுத்துகளையும் கொடுத்தால் அதே சான்றிதழ் அங்கேயும் வர வேண்டும். வரவில்லையா, கையில் இருப்பது வெறும் காகிதம். காகிதம் தொலைந்தாலும் இதே வழியில் திரும்ப இறக்கிக்கொள்ளலாம். டிஜிலாக்கரிலோ எம்பரிவாகனிலோ காட்டினாலும் போலீஸ் ஏற்க வேண்டும்.

ஃபெயில் ஆனால் நிராகரிப்புச் சீட்டு ஒன்று தருவார்கள். அதையும் வாங்கிக்கொள்ளுங்கள். மெக்கானிக்கிடம் காட்டினால் எங்கே கை வைக்க வேண்டும் என்று அவருக்குப் புரியும். ஹைட்ரோகார்பன் மட்டும் ஏறியிருந்தால் எரியாத பெட்ரோல் வெளியே போகிறது, பிளக்கைப் பார்ப்பார். கார்பன் மோனாக்சைடு ஏறியிருந்தால் பெட்ரோல் அதிகமாகவோ காற்று குறைவாகவோ போகிறது, ஏர் ஃபில்டரையும் கார்புரேட்டரையும் பார்ப்பார். பழைய பைக்குகளில் பாதி கேஸ் இந்த இரண்டிலேயே முடிந்துவிடும்.

அபராதம் எவ்வளவு? மோட்டார் வாகனச் சட்டம் 190(2)-இன் கீழ் 10,000 ரூபாய் வரை அபராதம், அல்லது மூன்று மாதம் வரை சிறை, அல்லது இரண்டும். லைசென்சையும் மூன்று மாதத்துக்கு முடக்கலாம். 2019 திருத்தத்தில் வந்தது இது.

இன்சூரன்ஸ் பற்றியும் ஒரு வார்த்தை, ஏனென்றால் வாட்ஸ்அப்பில் சுற்றும் செய்திகள் பாதி பழசு, பாதி தப்பு. புகைச் சான்றிதழ் இல்லாமல் இன்சூரன்ஸ் புதுப்பிக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2017 ஆகஸ்டில் சொன்னது உண்மை. ஆனால் அதனால் இன்சூரன்ஸே இல்லாத வண்டிகள் சாலையில் ஓடுகின்றன, விபத்தில் அடிபட்டவருக்கு இழப்பீடு கிடைப்பதில்லை என்ற வாதம் எழுந்தது. 2024 ஜூலையில் அந்த நிபந்தனையை நீதிமன்றமே விலக்கிவிட்டது. புகைச் சான்றிதழ் இல்லை என்ற ஒரே காரணத்துக்காக கிளெய்ம் கிடைக்காது என்று பரவும் தகவலும் தவறு என்று காப்பீட்டு ஒழுங்குமுறை ஆணையம் 2020-லேயே விளக்கம் கொடுத்தது.

எஃப்சி

இது ஆர்டிஓ ஆபீஸ் சமாச்சாரம். வாடகை வண்டி புதிதாக இருக்கும்போது இரண்டு வருடத்துக்கு ஒருமுறை, எட்டு வருடம் தாண்டியதும் வருடத்துக்கு ஒருமுறை எஃப்சி எடுக்க வேண்டும். எஃப்சி இல்லாத வாடகை வண்டியைச் சட்டம் பதிவே இல்லாத வண்டியைப் போலத்தான் பார்க்கிறது. அப்படி ஓட்டி விபத்தாகிவிட்டால் இன்சூரன்ஸ் கம்பெனி முதலில் கேட்பதும் இதைத்தான்.

காலாவதியாகும் தேதிக்கு ஒரு மாதம் முன்பே வேலையைத் தொடங்குங்கள். சாலை வரி பாக்கி, இ-சலான் பாக்கி எல்லாவற்றையும் முதலில் தீர்த்துவிடுங்கள். பிறகு பரிவாகன் தளத்தில் வாகன் பகுதிக்குள் போய் எஃப்சிக்கு விண்ணப்பித்துக் கட்டணம் கட்டி, நாள் குறித்துக்கொள்ளுங்கள். ஆர்சி, இன்சூரன்ஸ், பர்மிட், நடப்பு புகைச் சான்றிதழ் வேண்டும். வண்டியைப் பொறுத்து வேகக் கட்டுப்பாட்டுக் கருவிக்கும் ஒளிரும் பட்டைக்கும் தனிச் சான்று கேட்பார்கள். பட்டை என்றதும் கடையில் கிடைக்கும் மலிவு ரோலை வாங்கி ஒட்டிவிடாதீர்கள். அங்கீகரிக்கப்பட்ட தயாரிப்பு, சான்றோடு வந்தால்தான் செல்லும். ஆட்டோ என்றால் மீட்டரும் வேண்டும்.

குறித்த நாளில் வண்டியை ஆர்டிஓ மைதானத்துக்கோ அதன் கீழுள்ள பகுதி அலுவலகத்துக்கோ கொண்டுபோக வேண்டும். பார்ப்பவர் மோட்டார் வாகன ஆய்வாளர். நம் ஊரில் அவரை இன்னமும் பிரேக் இன்ஸ்பெக்டர் என்றுதான் சொல்கிறோம். பெயருக்கேற்ப முதலில் பிரேக்தான். அப்புறம் ஹேண்ட் பிரேக், லைட், இண்டிகேட்டர், வைப்பர், ஹாரன், டயர், கண்ணாடி. சேஸிஸ் எண்ணைப் பென்சிலால் தேய்த்து எடுத்த பிரதியை ஆர்சியோடு ஒப்பிடுவார். அந்த இடத்தில் துருவோ பெயின்ட்டோ மூடியிருந்தால் முந்தின நாளே சுரண்டிச் சுத்தம் செய்துவிடுங்கள். இதற்காகவே திருப்பி அனுப்பப்பட்ட வண்டிகளை நான் பார்த்திருக்கிறேன்.

பலர் எஃப்சி என்றால் டிங்கரிங், பெயின்டிங் என்றே நினைக்கிறார்கள். வண்டி கல்யாண மாப்பிள்ளை மாதிரி போய் நிற்கும், கீழே பிரேக் ஓஸ் வெடித்திருக்கும். பெயின்டுக்குச் செலவழிப்பதில் பாதியை அடிப்பக்கத்துக்குச் செலவழியுங்கள். 2012 ஜூலையில் சென்னை சேலையூர் பள்ளி ஒன்றின் பேருந்துத் தரையில் இருந்த ஓட்டை வழியாக விழுந்து ஆறு வயதுச் சிறுமி இறந்தாள். அந்தப் பேருந்திடம் நடப்பு எஃப்சி இருந்தது. அந்தச் சம்பவத்துக்குப் பிறகுதான் அதே வருடம் பள்ளி வாகனங்களுக்கான சிறப்பு விதிகள் வந்தன. இப்போது ஒவ்வொரு வருடமும் பள்ளி திறக்கும் முன் மைதானங்களில் பள்ளிப் பேருந்துகளை வரிசையாக நிறுத்திப் பார்க்கிறார்களே, அதற்குப் பின்னால் இந்தக் கதை இருக்கிறது.

குறை இருந்தால் எழுதிக் கொடுப்பார்கள். சரிசெய்து மறுபடி காட்ட வேண்டும். தேறினால் சான்று இணையத்திலேயே ஏறிவிடும். வாடகை வண்டிகளுக்கு ஆய்வாளரின் கண்ணுக்குப் பதிலாக இயந்திரமே சோதிக்கும் தானியங்கி நிலையங்கள் வந்துகொண்டிருக்கின்றன. உங்கள் பகுதியில் அப்படி ஒன்று இருந்தால் அங்கேதான் போக வேண்டியிருக்கும், விண்ணப்பிக்கும்போதே பார்த்துக்கொள்ளுங்கள்.

வெள்ளை போர்டு, 15 வருடம் முடியப் போகிறதா? படிவம் 25-இல் ஆர்சி புதுப்பிக்க விண்ணப்பிக்க வேண்டும். காலாவதி தேதிக்கு முந்தைய 60 நாட்களுக்குள் செய்யலாம். பசுமை வரி கட்ட வேண்டும். வண்டியை ஆர்டிஓவில் நேரில் காட்ட வேண்டும். தேறினால் ஐந்து வருடம் கிடைக்கும்.

கண்ணாடி ஸ்டிக்கர்

அண்ணன் உண்மையில் பார்த்திருந்தது இதைத்தான். இதற்கும் வண்டிச் சோதனைக்கும் சம்பந்தமில்லை. உயர் பாதுகாப்பு நம்பர் பிளேட்டோடு சேர்ந்து வரும் மூன்றாவது பதிவு அடையாளம் இது. முன்னால் ஒரு பிளேட், பின்னால் ஒரு பிளேட், கண்ணாடியின் உள்ளே இடது பக்கம் இந்த ஸ்டிக்கர். 100 மில்லிமீட்டருக்கு 60 மில்லிமீட்டர் அளவு. பெட்ரோல், சிஎன்ஜி வண்டிக்கு வெளிர் நீலம், டீசலுக்கு ஆரஞ்சு. வண்டி எண், எஞ்சின் எண், சேஸிஸ் எண், பிளேட்டில் லேசரால் பொறித்த எண் எல்லாம் அதில் இருக்கும். உரித்தால் கிழிந்துபோகும்படி செய்திருப்பார்கள், அதனால் ஒரு வண்டியிலிருந்து இன்னொன்றுக்கு மாற்ற முடியாது.

புது வண்டிக்கு இதை டீலரே ஒட்டித் தர வேண்டும். டெலிவரி எடுக்கும்போது இருக்கிறதா என்று பாருங்கள். முன்கண்ணாடி உடைந்து மாற்றினால் ஸ்டிக்கரும் போய்விடும். அப்போது ஆர்சியோடு அந்த கம்பெனி டீலரிடம் போங்கள். அவர்கள் மூலமாக, பிளேட் செய்து தரும் அங்கீகாரம் பெற்ற நிறுவனத்திடமிருந்து புதிது வரும். ஸ்டிக்கர் கடையில் அதே நிறத்தில், அதே எழுத்தில் அச்சடித்துத் தருவார்கள்தான். ஆனால் ஹாலோகிராமும் லேசர் எண்ணும் இல்லாமல் அது ஒரு நீலக் காகிதம்.

அண்ணனுடைய காரை உட்கார்ந்து பார்த்தோம். 2019 கடைசியில் பதிவான பெட்ரோல் வண்டி. எஃப்சிக்கு இன்னும் நாற்பது நாள் பாக்கி இருந்தது. புகைச் சான்றிதழ் காலாவதியாகி மூன்று மாதம் ஆகியிருந்தது. ஸ்டிக்கரைக் காணோம், பழைய ஓனர் கண்ணாடி மாற்றியிருக்கிறார். நல்லவேளை, பெயர் மாற்றமும் போன் எண் மாற்றமும் முடிந்திருந்தன. ஸ்டிக்கருக்கு டீலரிடம் சொல்லிவிட்டு, அன்று சாயங்காலமே பங்க் ஓரத்து மையத்துக்குப் போனோம். பையன் குழாயை உள்ளே விட்டான். திரையில் கார்பன் மோனாக்சைடு 0.11 என்று நின்றது. ஓடிபி வந்தது, போட்டோ எடுத்தான், தாள் வெளியே வந்தது.

அண்ணன் அதை வாங்கி இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தார். "சரி தம்பி, இதை எந்தப் பக்கம் ஒட்டணும்?"

"ஒட்ட வேண்டாம்ணே. மடிச்சு டேஷ்போர்டுல வைங்க."